தங்கச்சிமடத்தில் ஏறிய ஆயில்

சனிக்கிழமை விடிந்தும் விடியாமலும் வண்டியின் பானெட்டைத் தூக்கி நிறுத்தினேன். டிராக்டர் ஓட்டி வயிறு வளர்த்தவனுக்கு இது பழக்கம். பல் விளக்குவதற்கு முன்பே ஆயில் பார்த்துவிடுவேன். அளவுக் கம்பியை உருவித் துணியால் துடைக்க வேண்டும். மறுபடி அடிவரை சொருகி உருவி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்க வேண்டும். முதல் தடவை உருவும்போது தெரிவதை நம்பக் கூடாது. துடைத்த பிறகு தெரிவதுதான் கணக்கு. கம்பியில் இரண்டு கோடுகள் இருக்கும். ஆயில் கீழ்க்கோட்டுக்குக் கீழே இறங்கக் கூடாது, மேல்கோட்டுக்கு மேலே ஏறவும் கூடாது. அன்று காலை இரண்டுக்கும் நடுவே முக்கால் உயரத்தில் நின்றது. எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

வண்டி என்னுடையது இல்லை. என் மனைவியின் தம்பி குவைத்தில் இருக்கிறான். போன விடுமுறையில் வந்தபோது, ஏழு பேர் உட்காரும் பழைய டீசல் வண்டி ஒன்றை வாங்கி எங்கள் வாசலில் நிறுத்திவிட்டுப் போனான். யானைக்குட்டி மாதிரி உயரம். ஓட்டாமல் போட்டால் கெட்டுவிடும், அவ்வப்போது எடுத்து ஓட்டுங்கள் என்று சொல்லியிருந்தான். நான் திருவாடானை சந்தைக்கும் தொண்டிக்கும் மட்டும் ஓட்டியிருக்கிறேன். அன்றைக்குக் கடலைத் தாண்டப் போகிறேன். எங்கள் ஊரில் ராமேஸ்வரம் போகாதவர்கள் குறைவு. ஆனால் எல்லாரும் பஸ்ஸிலோ வேனிலோ போனவர்கள். பாம்பன் பாலத்தில் தானே ஸ்டியரிங் பிடித்துப் போனவர் எனக்குத் தெரிந்து யாரும் இல்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

போகும் காரியத்தையும் சொல்லிவிட வேண்டும். எங்கள் மகள் கார்த்திகா ராமநாதபுரத்தில் ஒரு ஆஸ்பத்திரியில் நர்சு. அதே ஆஸ்பத்திரியில் ரத்தம் பரிசோதிக்கும் இடத்தில் வேலை பார்க்கும் பிரிட்டோ என்ற பையனைக் கட்டிக்கொள்ள ஆசைப்படுகிறாள். தங்கச்சிமடத்துப் பையன், மீன்பிடிக்கிற குடும்பம், வேதக்காரர்கள், அதாவது கிறிஸ்தவர்கள். நாங்கள் விவசாயக் குடும்பம், கும்பிடுவது அய்யனாரை. அவள் அம்மாவிடம் சொன்னாள், அம்மா என்னிடம் சொன்னாள், நான் ஒரு வாரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, போய்ப் பார்ப்போம் என்றேன். பையனை ஆஸ்பத்திரி வாசலில் வைத்துப் பார்த்தேன். நல்ல பையன். என் மனதில் சம்மதம் வந்துவிட்டது. இனி அவன் பெற்றோர் வீட்டுக்குப் போய் அதை வாயால் சொல்ல வேண்டும்.

அங்கேதான் சிக்கல். எனக்குப் பேச வராது. ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றதால் வரவில்லை என்று சொல்லிக்கொள்வேன். ஆனால் என் அண்ணன் சண்முகம் படித்தது மூன்றாம் வகுப்பு. கிராமசபையில் மைக்கைப் பிடித்தால் இறங்க மாட்டார். அவரைத்தான் பேசுவதற்காகக் கூப்பிட்டேன். அந்தச் சம்பந்தத்துக்கு நான் வரவில்லை என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவர் வராததால் சொந்தத்தில் வேறு யாரும் வரவில்லை. முந்தின நாள் மகள் போனில் சொன்னது காதிலேயே இருந்தது.

"அய்யா, நீங்க வழக்கம்போல பேசாம வந்துட்டீகன்னா, பிடிக்கலன்னு நெனச்சுக்கிருவாக. அவுகளும் அதுக்கு மேல கேக்க மாட்டாக. அவ்வளவுதான், முடிஞ்சிரும்."

ஆறு மணிக்குக் கிளம்பினோம். என் மனைவி முருகேஸ்வரி முன் சீட்டில் ஏறி, பட்டுச் சேலையைச் சரிசெய்துகொண்டு, பின்னால் திரும்பிப் பார்த்தாள். ஐந்து சீட் காலி.

"ஒரு ஊரே போகலாம். ரெண்டு பேரு போறோம்" என்றாள். பக்கத்து வீட்டு வாசலில் அண்ணன் நின்றுகொண்டிருந்தார். எங்களைப் பார்க்காத மாதிரி வேப்பங்குச்சியை மென்றுகொண்டிருந்தார்.

தொண்டி வந்ததும் கிழக்குக் கடற்கரைச் சாலை. அங்கிருந்து ராமநாதபுரம் நாற்பத்தைந்து கிலோமீட்டர் சொச்சம். இடப்பக்கம் கருவேலங்காட்டுக்கு நடுவே கடல் எட்டிப் பார்த்துவிட்டு ஒளிந்துகொள்ளும். உப்பூர் தாண்டி உப்பளங்கள் வெள்ளை வெள்ளையாக வெயிலை நம் கண்ணுக்குத் திருப்பி அனுப்பின. ரோடு சும்மா வழுக்கிக்கொண்டு போனது. டிராக்டரில் எலும்பெல்லாம் குலுங்கிப் பழகியவனுக்கு இது மெத்தையில் படுத்து மிதப்பது மாதிரி இருந்தது. அறுபதைத் தொட்டதும் முருகேஸ்வரி மேலே இருந்த கைப்பிடியைப் பிடித்தாள். அறுபத்தைந்தில் முருகனைக் கூப்பிட்டாள். அதற்கு மேல் நான் போகவில்லை.

தேவிபட்டினம், ராமநாதபுரம் தாண்டி உச்சிப்புளியில் டீக்கு நிறுத்தினோம். டீ பதினைந்து ரூபாய், உளுந்த வடை பத்து ரூபாய். கடற்படையின் ஹெலிகாப்டர் ஒன்று கூரைக்கு மேலே தடதடவென்று போனது. முருகேஸ்வரி டீயைக் கீழே வைத்துவிட்டு ரோட்டுக்கு ஓடிப் பார்த்தாள். டீக்கடைக்காரர் தலையைக்கூட நிமிர்த்தவில்லை. தினமும் இங்கனயேதான் சுத்துது, எங்களுக்குக் காக்கா மாதிரி என்றார். எங்கே போகிறீர்கள் என்று என்னைக் கேட்டார். நான் தொண்டையைச் செருமினேன். அதற்குள் முருகேஸ்வரி, மாப்பிள்ளை வீடு பார்க்கத் தங்கச்சிமடம் போகிறோம் என்று சொல்லி, பையனின் படிப்பு சம்பளம் வரைக்கும் சொல்லி முடித்துவிட்டாள்.

"நீங்க குடுத்து வச்சவரு. பேசுறதுக்கு ஆளு இருக்கு" என்று டீக்கடைக்காரர் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

வண்டியில் ஏறியதும் முருகேஸ்வரி சொன்னாள். "டீக்கடையில நான் பேசலாம். அந்த வீட்டுல நீங்கதான் பேசணும். பொண்ணப் பெத்த அய்யா சொன்னாத்தான் சொல்லு."

மண்டபம் தாண்டினால் நிலம் மெலிந்துகொண்டே வரும். இரண்டு பக்கமும் கடல் நெருங்கி வரும். பிறகு ரோடு மெதுவாக மேலே ஏற ஆரம்பிக்கும். அதுதான் பாலம். ஏறும்போது முன்னால் வானம் மட்டும் தெரிந்தது. உச்சிக்கு வந்ததும் இரண்டு பக்கமும் ஒரேயடியாகக் கடல் விரிந்தது. நான் வாய்விட்டு ஒரு சத்தம் போட்டேன். என்ன சத்தம் என்று எனக்கே தெரியாது. முருகேஸ்வரி கடலை விட்டுவிட்டு என்னைப் பார்த்தாள். கல்யாணமான நாளிலிருந்து அப்படி ஒரு சத்தம் என்னிடமிருந்து அவள் கேட்டதில்லை.

காற்று உயரமான வண்டியைப் பக்கவாட்டில் தள்ளியது. கையில் அது தெரிந்தது. பக்கத்தில் புது ரயில் பாலம், கப்பல் வந்தால் நடுப்பகுதி அப்படியே மேலே தூக்கிக்கொள்ளுமாம். அதற்குப் பக்கத்தில் பழைய பாலம். கீழே நாட்டுப்படகுகள் வெள்ளரி விதை மாதிரி. பாலத்தில் வண்டியை நிறுத்தக் கூடாது என்று எழுதியிருக்கிறது. எழுதியதற்குக் கீழேயே வரிசையாக நிறுத்திப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். நான் நிறுத்தவில்லை. ஆனால் மாட்டு வண்டி வேகத்தில் போனேன். பின்னால் வந்த பஸ் ஹாரன் அடித்துப் பார்த்து ஓய்ந்துபோனது.

தங்கச்சிமடத்தில் பிரிட்டோவின் அப்பா சேசுராசு ரோட்டுக்கே வந்து காத்திருந்தார். பிரிட்டோவுக்கு அன்று ஆஸ்பத்திரியில் வேலை. என் வயதுதான் இருக்கும். உப்புத் தண்ணீரில் வெளுத்த புருவம், அகலமான கை. கையைக் கூப்பினார், நானும் கூப்பினேன். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார், சொல்லவில்லை. நானும் அப்படியே. பார்த்த நிமிஷமே தெரிந்துவிட்டது, இவரும் நம்ம ஜாதி. பேச்சு வராத ஜாதியைச் சொல்கிறேன்.

அவர் மனைவி லூர்துமேரி அதற்கு நேர்மாறு. முருகேஸ்வரியைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வீட்டுக்குப் பின்னால் போனார். அங்கே மல்லிகை நாற்றங்கால். தங்கச்சிமடம் மண்ணில் வரும் மல்லிகை நாற்று ஊர் ஊராகப் போகிறது என்று கேள்விப்பட்டிருக்கிறேன். மணலில் வரிசை வரிசையாகக் குச்சிகள் துளிர்விட்டு நின்றன. இரண்டு பெண்களும் செடியைப் பற்றி, மகளைப் பற்றி, மகனைப் பற்றி, கோயிலில் தாலி கட்டுவதா சர்ச்சில் கட்டுவதா என்பது வரைக்கும் பேசித் தீர்த்துக்கொண்டிருந்தார்கள். இங்கே முன்னறையில் நாங்கள் இரண்டு பேரும் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து காற்றாடியைப் பார்த்தோம். அவர் ஒரு தடவை, மழை உண்டா அங்கிட்டு என்றார். இல்லை என்றேன். கொஞ்ச நேரம் கழித்து நான், மீன் படுகிறதா என்றேன். சுமார் என்றார்.

மதியம் சீலா மீன் குழம்பு, கணவாய் வறுவல், நண்டு. கண்மாய்க் கெளுத்தி தின்று வளர்ந்த நாக்கு அன்று திகைத்துப் போனது. இலைக்குப் பக்கத்தில் ஓடு மலையாகக் குவிந்தது. பேச வேண்டியது தொண்டையிலேயே இருந்தது. மீன் அதைத் தாண்டித் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது.

மூன்று மணிக்கு எல்லாரும் வண்டியில் ஏறி அரிச்சல்முனைக்குப் போனோம். மாலையானால் உள்ளே விட மாட்டார்கள் என்று சேசுராசு அவசரப்படுத்தினார். ராமேஸ்வரம் தாண்டி, தனுஷ்கோடியின் இடிந்த சுவர்களைத் தாண்டி, ரோடு கடலுக்குள் நேராகக் கோடு கிழித்த மாதிரி போகிறது. மணல் ரோட்டின் மேல் பாம்பு பாம்பாக ஊர்ந்தது. ரோடு ஒரு வட்டத்தில் போய் முடிந்தது. அதற்கு மேல் இந்தியாவில் வண்டி ஓட்ட இடம் இல்லை. நான் இறங்கி முன் சக்கரத்தைத் தட்டிக் கொடுத்தேன்.

இடப்பக்கக் கடல் குளம் மாதிரி கிடந்தது. வலப்பக்கக் கடல் எழுந்து எழுந்து விழுந்தது. "இது பொண்ணுக் கடல், அது ஆணுக் கடல். இங்கனதான் ரெண்டும் சேருது" என்றார் சேசுராசு. அன்று அவர் பேசியதில் அதுதான் நீளமான பேச்சு. சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். இதைவிட நல்ல இடம் அமையாது, இப்போது சொல்லிவிடு என்று மனது அடித்துக்கொண்டது. வாயைத் திறந்தேன். வாய் நிறையக் காற்றும் மணலும் புகுந்தன. இருமி முடிப்பதற்குள் பெண்கள் சேலை நனைந்து சிரித்துக்கொண்டு வந்துவிட்டார்கள்.

திரும்பி வந்தபோது வீட்டு முன்னால் இருந்த சிமெண்டு ரோட்டில் நிறுத்த வேண்டாம், ஜெபத்துக்கு ஆள் வரும் என்று சேசுராசு கைகாட்ட, வீட்டை ஒட்டியிருந்த மணல் மேட்டில் முன்சக்கரத்தை ஏற்றி நிறுத்தினேன். இன்ஜின் ஆறட்டும் என்று கொஞ்சம் விட்டு, பழக்கத்தில் பானெட்டைத் தூக்கிக் கம்பியை உருவினேன்.

கீழ்க்கோட்டில்கூட ஆயில் இல்லை. நுனியில் மை தொட்ட மாதிரி ஒரு சொட்டு.

காலையில் முக்கால் இருந்தது. ஒரு நாள் ஓட்டத்தில் எப்படிக் குறையும்? குனிந்து அடியில் பார்த்தேன், ஒழுகல் இல்லை. துடைத்துத் துடைத்து மறுபடி மறுபடி பார்த்தேன், அதே சொட்டு. மச்சினன் வண்டி ஆயில் குடிக்க ஆரம்பித்துவிட்டதோ என்று முகம் வேர்த்தது. சேசுராசு படியில் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த நேரம் சர்ச் மணி அடித்தது, அவர் சட்டையை மாட்டிக்கொண்டு போய்விட்டார். நான் பின்னால் வைத்திருந்த ஒரு லிட்டர் டப்பாவை எடுத்தேன். டிராக்டருக்கு வாங்கும் பதினைந்து நாற்பது நம்பர் ஆயில்தான், நானூறு ரூபாய் சொச்சம், இந்த வண்டிக்கும் அதுவே. முழுவதையும் ஊற்றினேன். பொறுத்துப் பார்த்தேன். பாதி உயரத்துக்கு வந்தது. போதும் என்று மூடினேன். விருந்துக்குப் போன வீட்டில் நம் வண்டிக் குறையைச் சொல்வானேன் என்று யாரிடமும் சொல்லவில்லை.

அன்று ராத்திரி அங்கேயே தங்கினோம். சாப்பிட்டுவிட்டு வெளியில் நின்றபோது முருகேஸ்வரி வந்தாள். குரலைத் தாழ்த்தினாள்.

"அந்தம்மா கேட்டுருச்சு. அண்ணன் ஒண்ணுமே பேச மாட்டேங்கிறாகளே, எங்க வீடு பிடிக்கலையான்னு. நான் என்னத்தச் சொல்ல?"

காலையில் சொல்லிவிடுகிறேன் என்றேன். அதைச் சொல்லவே எனக்கு நேரமானது.

ஞாயிற்றுக்கிழமை. அவர்கள் ஞாயிறு கடலுக்குப் போவதில்லை. சேசுராசும் லூர்துமேரியும் முதல் பூசைக்குப் போயிருந்தார்கள். நான் போய்ப் பானெட்டைத் தூக்கினேன். கம்பியைத் துடைத்துச் சொருகி உருவினேன்.

ஆயில் மேல்கோட்டில் நின்றது.

 குறைந்தால் ஊற்றலாம். நிறுத்தியிருந்த வண்டியில் ஆயில் தானாக ஏறினால் அது வேறு சங்கதி. டிராக்டரில் ஒரு தடவை பார்த்திருக்கிறேன். ஆயிலில் தண்ணீரோ டீசலோ கலந்தால்தான் அளவு ஏறும். அப்படிக் கலந்தால் இன்ஜினைப் பிரித்துத்தான் ஆக வேண்டும். ஆயில் ஊற்றும் மூடியைத் திறந்து பார்த்தேன். தண்ணீர் கலந்திருந்தால் மோர் மாதிரி வெளுத்திருக்கும். வெளுக்கவில்லை. முகர்ந்து பார்த்தேன், டீசல் வாடையும் இல்லை. ஒன்றும் புரியவில்லை. ஒரு சந்தேகத்தில் வண்டியை மேட்டிலிருந்து இறக்கி, தட்டையான சிமெண்டு ரோட்டில் நிறுத்திக் காத்திருந்து பார்த்தேன். மேல்கோட்டையும் தாண்டி, விரல் நீளத்துக்குக் கம்பி கருப்பாக வந்தது.

அப்போதுதான் பாதி புரிந்தது. எங்கள் ஊரில் தரை தாம்பாளம் மாதிரி. கண்மாய்க் கரையை விட்டால் மேடு என்பதே இல்லை, கரையில் யாரும் வண்டியை நிறுத்தி ஆயில் பார்ப்பதில்லை. மட்டமான இடத்தில்தான் பார்க்க வேண்டும் என்பது எனக்கு ஒரு விதியாகவே தோன்றியதில்லை, ஏனென்றால் மட்டமில்லாத இடமே எனக்குத் தெரியாது. மேட்டில் மூக்கைத் தூக்கி நின்ற வண்டியில் ஆயில் பின்பக்கம் சாய்ந்துவிட்டது. கம்பி முன்பக்கம் இருக்கிறது. குறையாத வண்டிக்கு ஒரு லிட்டர் ஊற்றியிருக்கிறேன். சரி, அது ஒரு லிட்டர். மீதி எங்கிருந்து வந்தது?

பூசை முடிந்து வந்த சேசுராசு எட்ட நின்று பார்த்தார். நான் துடைப்பதும் சொருகுவதும் உருவுவதுமாக இருந்தேன். அவர் கிட்ட வந்தார், போனார், மறுபடி வந்தார்.

"அண்ணே, அது நல்ல ஆயிலுதான்" என்றார் கடைசியில். "படகுக்கு ஊத்துறது. பதினஞ்சு நாப்பது. நான்தான் விடியக்காலம் ஊத்துனேன்."

நான் கம்பியைத் துணியில் சுற்றிக்கொண்டு அவர் பக்கம் திரும்பினேன்.

"நேத்து நீங்க கம்பியப் பாத்து மொகம் வாடி நின்னீக. கேக்கலாம்னு நெனச்சேன், கூச்சமா இருந்துச்சு. காலையில பாத்தேன், பாதிதான் கெடந்துச்சு. எங்க கரையில ஒரு வழக்கம். கடலுக்குப் போற படகுக்குக் கரையில நிக்கிறவந்தான் ஆயில் ஊத்தி அனுப்பணும். எங்க வீட்டுல இருந்து கெளம்புற வண்டிக்கு நான்தான ஊத்தணும்."

"நானும் நேத்து ஒரு லிட்டர் ஊத்திட்டேன்" என்றேன்.

அவர் கண்ணை விரித்தார். மேட்டைப் பார்த்தார், வண்டியைப் பார்த்தார். படகு எங்கே மட்டமாக நிற்கிறது, ஆடிக்கொண்டேதான் பார்ப்போம், குறையாக இருக்கிற மாதிரி தெரிந்தால் எச்சாகவே ஊற்றிவிடுவோம், நடுக்கடலில் இறங்கிக் கடைக்குப் போக முடியாதே என்றார். சரிவே பார்க்காத நான் ஒரு லிட்டர், மட்டமே பார்க்காத அவர் ஒரு லிட்டர். இரண்டு பேரும் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் ஒரு சொட்டுகூட ஊற்றியிருக்க மாட்டோம். இவ்வளவு ஆயிலோடு ஓட்டினால் உள்ளே நுரை கட்டும், புகை கக்கும், ஓரமெல்லாம் பிதுங்கி ஒழுகும். வடித்துத்தான் ஆக வேண்டும்.

அவர் படகில் அடியில் போக இடமில்லை, குழாய் விட்டு மேலிருந்து உறிஞ்சுவார்களாம். இன்ஜினுக்கு அடியில் இதுவரை படுத்ததே இல்லை என்றார். இந்த வண்டி உயரமானது, ஜாக்கி வைக்காமலே ஆள் நுழையலாம். அவர் ஸ்பேனர் பெட்டியைக் கொண்டுவந்து, ஐந்து லிட்டர் டப்பா ஒன்றைப் பக்கவாட்டில் அறுத்தெடுத்தார். நான் இடப்பக்கமாக நுழைந்தேன், அவர் வலப்பக்கமாக நுழைந்தார். மல்லாந்து படுத்தோம். நடுவில் இன்ஜின். அவர் முகம் எனக்குத் தெரியவில்லை. டப்பாவைப் பிடித்திருந்த கை மட்டும் தெரிந்தது.

ஆயில் வடிக்கும் அடிப்போல்ட்டை ஸ்பேனரால் இளக்கி, கையால் திருகினேன். கருப்பு நூல் மாதிரி ஆயில் இறங்கியது. போல்ட்டைக் கையிலேயே பிடித்து அளவாக விட்டேன். ரோட்டில் பூசை முடிந்து போகிறவர்களின் கால்கள் மட்டும் போய்க்கொண்டிருந்தன.

"அண்ணே, ஒண்ணு சொல்லவா" என்றது அந்தப் பக்கத்துக் குரல். முகத்துக்கு நேரே கேட்டதைவிட அது நல்ல குரலாக இருந்தது. "எம் பொண்டாட்டி ராத்திரி தூங்கல. எங்களப் பிடிக்கலன்னா சொல்லிருங்க, கோவிச்சுக்கிற மாட்டோம். கடக்கரை ஆளுக, வேற சாமி. ஒங்களுக்கும் சொந்தபந்தம் இருக்கும்ல. பையங்கிட்ட நான் பக்குவமாச் சொல்லிக்கிருவேன்."

ஊரிலிருந்து ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்தது எல்லாம் அந்த நேரம் காணாமல் போயிருந்தது. எங்களுக்குப் பரிபூரண சம்மதம் என்று ஒரு வாக்கியம் வைத்திருந்தேன். அதில் ஒரு எழுத்துகூட வரவில்லை. ஆயில் டப்பாவின் விளிம்பில் படப் போனது.

"டப்பாவ இன்னுங் கொஞ்சம் இந்தப் பக்கம் தள்ளுங்க, சம்மந்தி" என்றேன்.

டப்பா நகரவில்லை. ஆயில் அவர் மணிக்கட்டில் ஒழுகியது.

"என்ன சொன்னீக?"

"டப்பாவத் தள்ளச் சொன்னேன்."

"அதுக்கு அடுத்தாப்புல."

"சம்மந்தின்னு சொன்னேன்" என்றேன். இரண்டாம் தடவை சொல்வது அவ்வளவு கஷ்டமாக இல்லை.

அந்தப் பக்கத்திலிருந்து ஒரு கை நீண்டு வந்து என் கையைப் பிடித்தது. வழவழவென்று ஆயில் கை. விடவே இல்லை. நானும் பிடித்துக்கொண்டேன். போல்ட்டைப் பிடித்திருந்த கை அதுதான் என்பது இரண்டு பேருக்கும் நினைவில்லை. போல்ட் டப்பாவுக்குள் விழுந்தது. ஆயில் வாய்க்கால் மடை திறந்த மாதிரி கொட்டியது. சம்மந்தி போல்ட்டு, சம்மந்தி போல்ட்டு என்று அவர் கத்த, நான் முழங்கை வரை ஆயிலில் விட்டுத் துழாவ, எடுத்து மாட்டி இறுக்குவதற்குள் போக வேண்டியதற்கு மேலேயே போய்விட்டது.

வெளியே வந்தபோது முருகேஸ்வரியும் லூர்துமேரியும் எங்கள் கால்மாட்டில் நின்றிருந்தார்கள். வண்டிக்கு அடியிலிருந்து நாலு காலும் சத்தமும் மட்டும் வந்ததால் யாருக்கோ அடிபட்டது என்று ஓடி வந்திருக்கிறார்கள்.

"என்ன ஆச்சு?" என்றாள் முருகேஸ்வரி.

"சம்மந்திட்டக் கேளுங்க" என்றார் சேசுராசு, என்னைக் காட்டி. லூர்துமேரி சேலை முனையை வாயில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். பிறகு எழுந்து போய் சீயக்காயும் மண்ணெண்ணெயும் கொண்டுவந்து எங்கள் கையைக் கழுவச் சொன்னார். அழுதுகொண்டே திட்டினார். இதச் சொல்றதுக்கு ரெண்டு ஆம்பளைகளுக்கு ஒரு வண்டி வேண்டியிருக்கு என்றார்.

மறுபடி கம்பியைப் பார்த்தோம். கீழ்க்கோட்டுக்கும் கீழே. இந்தத் தடவை நிஜமாகவே குறை. படகு ஆயிலை எடுத்துவந்தார். அவர் புனலைப் பிடித்தார், நான் ஊற்றினேன். கொஞ்சம் ஊற்றிப் பொறுத்து, அவர் கம்பியைப் பார்த்து, என்னைப் பார்க்கச் சொல்லி, நான் பார்த்து, மறுபடி கொஞ்சம். முக்காலில் நிறுத்தினோம்.

"இன்னுங் கொஞ்சம்?" என்றார்.

"போதும் சம்மந்தி. இது படகு இல்ல" என்றேன். அன்று நான் சொன்ன முதல் நகைச்சுவை அது. அவர் சிரித்த சத்தத்துக்குத் தெருவில் இரண்டு பேர் திரும்பினார்கள்.

கிளம்பும்போது காலியாக இருந்த ஐந்து சீட்டிலும் லூர்துமேரி மல்லிகை நாற்றை ஏற்றினார். ஈரச் சாக்கு விரித்து, கட்டுக் கட்டாக. பாலத்தில் திரும்பி வந்தபோது காற்று பின்னாலிருந்து மண்வாசனையை முன்னால் கொண்டுவந்தது. இந்தத் தடவை நான் வேகமாகவே போனேன். முருகேஸ்வரி கைப்பிடியைப் பிடிக்கவில்லை.

ராமநாதபுரத்தில் ஆஸ்பத்திரி வாசலில் நிறுத்தினோம். கார்த்திகா வெள்ளை உடுப்போடு ஓடிவந்தாள். என்னைக் கேட்கப் பயந்து அம்மா முகத்தைப் பார்த்தாள். நகக்கண்ணில் கருப்பு போகாத கையை நான் பின்னால் ஒளித்துக்கொண்டேன்.

"ஒங்கய்யா பேசிட்டாரு" என்றாள் முருகேஸ்வரி. "வண்டிக்கு அடியில படுத்துக்கிட்டு."

கார்த்திகாவுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் பேசிட்டாரு என்றது புரிந்தது. என் கையை இழுத்துப் பார்த்தாள், ஆயிலைப் பார்த்தாள், அந்த வெள்ளை உடுப்போடேயே முகத்தை என் தோளில் வைத்துக்கொண்டாள்.

சாயங்காலம் ஊர் வந்து சேர்ந்தேன். தங்கச்சிமடத்து மணல் மேட்டுக்கும் அரிச்சல்முனைக் காற்றுக்கும் பிறகு எங்கள் வாசல் இவ்வளவு தட்டையா என்று தோன்றியது. எந்தப் பக்கமும் சாயாத தரை. இன்ஜின் ஆறியதும் கம்பியை உருவிப் பார்த்தேன். முக்கால். அசையாமல் நின்றது.

அண்ணன் சண்முகம் வந்தார். வண்டியைச் சுற்றினார், சக்கரத்தை உதைத்துப் பார்த்தார், கண்ணாடி வழியாக உள்ளே எட்டிப் பார்த்தார். போன காரியம் என்ன ஆனது என்று கேட்க அவருக்கு மனசில்லை. கேட்காமல் போகவும் மனசில்லை.

"ஆயிலெல்லாம் சரியா இருக்கா?" என்றார்.

"எல்லாம் சரியா இருக்குண்ணே. நிச்சயத்துக்குப் போகையில அஞ்சு சீட்டு காலியா இருக்கு. அதுதான் குறை" என்றேன்.

அண்ணன் என்னையே பார்த்தார். நான் இவ்வளவு நீளமாகப் பேசி அவர் கேட்டதில்லை. ஒரு நாற்றை எடுத்துத் துளிரைத் திருப்பிப் பார்த்தார். கிணற்றடியில் வைத்தால் வரும் என்றார். பிறகு பானெட்டை அவரே மெதுவாக இறக்கி மூடினார்.

"முன் சீட்டுன்னா வாரேன்" என்றார்.

"அது எனக்கு" என்றாள் முருகேஸ்வரி உள்ளேயிருந்து.